வரைபடத்தில் இல்லாத 15 கிராம்: அரிய மண் காந்தத் தட்டுப்பாட்டில் ஒரு சென்னை மோட்டார் ஆலை

மின்சார ஸ்கூட்டரின் பின்சக்கர மோட்டாருக்குக் காந்தம் வாங்கும் வரைபடத்தில் பெரும்பாலும் மூன்று விவரங்கள்தான் இருக்கும்: அளவு, பூச்சு, கிரேடு. "35 × 14 × 3 மி.மீ., நிக்கல்-செம்பு-நிக்கல், 42 எஸ்ஹெச்." அந்த எஸ்ஹெச் என்ற எழுத்துகளுக்குள் டிஸ்ப்ரோசியம் என்ற அரிய மண் உலோகம் ஒளிந்திருப்பது வரைபடத்தில் இராது. வாங்குபவர் கேட்டதில்லை, விற்பவர் சொன்னதில்லை. 2025 ஏப்ரல் 4 வரை அதைத் தெரிந்துகொள்ள வேண்டிய அவசியமும் யாருக்கும் வரவில்லை.

இங்கே வரும் ஆலை கணக்குக்காக அமைத்துக்கொண்ட மாதிரி. அம்பத்தூர் தொழிற்பேட்டையில் இருப்பதாக வைத்துக்கொள்வோம். உற்பத்தி, கையிருப்பு, சோதனை அளவீடுகள் எல்லாம் மாதிரி எண்கள். சட்டம், உலோகம், சோதனை முறை பற்றிச் சொல்வதெல்லாம் உள்ளபடியே.

மோட்டாரும் காந்தமும்

ஆலை மாதம் 10,000 ஹப் மோட்டார், அதாவது சக்கரத்துக்குள்ளேயே உட்காரும் மோட்டார், செய்கிறது. 51 ஸ்லாட் (கம்பி சுற்றும் பள்ளம்), 46 போல் (காந்த முனை) அமைப்பு. கம்பிச் சுருள் உள்ள ஸ்டேட்டர் உள்ளே அச்சோடு நிலையாக நிற்கும். வெளியே சுழலும் இரும்பு வளையத்தின் உட்புறத்தில் 46 காந்தத் துண்டுகள் பசையால் ஒட்டியிருக்கும். ஒரு துண்டின் கன அளவு 1.47 கன செ.மீ.; அடர்த்தி 7.5 என்றால் எடை 11 கிராம். ஒரு மோட்டாருக்கு அரைக் கிலோ, மாதத்துக்கு 4.6 லட்சம் துண்டு, சுமார் ஐந்து டன்.

இந்த அரைக் கிலோவில் மூன்றில் இரண்டு பங்கு இரும்பு. நியோடிமியமும் பிரசியோடிமியமும் சேர்ந்து 30 சதவீதத்தை ஒட்டி, அதாவது 150 கிராம். போரான் ஒரு சதவீதம். எஸ்ஹெச் தரத்தைப் பழைய முறைப்படி, உருக்கும்போதே கலந்து செய்தால் டிஸ்ப்ரோசியம் 2 முதல் 4 சதவீதம் வரும். 3 சதவீதம் என்று வைத்தால் மோட்டாருக்கு 15 கிராம், மாதம் 150 கிலோ. ஐந்து டன் சரக்கை நிறுத்தியது இந்த 150 கிலோதான்.

அதை ஏன் கலக்கிறார்கள்? நியோடிமியம் காந்தம் 1980களின் தொடக்கத்தில் ஜப்பானில் மசாதோ சகாவாவும் அமெரிக்காவின் ஜெனரல் மோட்டார்ஸில் ஜான் குரோட்டும் தனித்தனியே கண்டது. பலத்தில் நிகரில்லை, சூட்டில்தான் சொதப்பும். ஒவ்வொரு டிகிரி ஏறும்போதும் காந்தப் பாயம் (ஃப்ளக்ஸ்) 0.11 சதவீதம்தான் குறைகிறது, அது பெரிய விஷயமில்லை. ஆனால் கோயர்சிவிட்டி எனப்படும் காந்த நீக்குத்திறன், அதாவது எதிர்க் காந்தப்புலத்தைத் தாங்கும் வலு, டிகிரிக்கு 0.5 முதல் 0.6 சதவீதம் வரை சரிகிறது. படிகத்தில் நியோடிமியத்தின் இடத்தில் கொஞ்சம் டிஸ்ப்ரோசியம் உட்கார்ந்தால் அந்த வலு ஏறும். அதற்குக் கூலியாகப் பாயத்தில் கொஞ்சம் போகும், ஏனென்றால் டிஸ்ப்ரோசியத்தின் காந்தத் திருப்புத்திறன் இரும்புக்கு எதிர்த்திசையில் நிற்கிறது.

கேட்லாக்கில் கிரேடின் கடைசி எழுத்து தாங்கும் வெப்பத்தைச் சொல்லும்: எம் என்றால் 100 டிகிரி, எச் 120, எஸ்ஹெச் 150, யூஎச் 180. அறை வெப்பத்தில் குறைந்தபட்ச நீக்குத்திறன் எம்முக்கு 14 கிலோ ஓர்ஸ்டெட் (காந்தப்புல அலகு), எச்சுக்கு 17, எஸ்ஹெச்சுக்கு 20, யூஎச்சுக்கு 25. இதில் டிகிரிக் கணக்கை வேதவாக்காக எடுத்துக்கொள்வதுதான் பலர் செய்யும் பிழை. அது காந்தத்தின் வடிவத்தையும் அது உட்கார்ந்திருக்கும் சுற்றையும் பொறுத்தது. மெல்லிய தகடு கேட்லாக் வெப்பத்துக்கு முன்பே காந்தத்தை இழக்கும். வடிவமைப்பில் கையில் பிடிக்க வேண்டியது ஓர்ஸ்டெட் எண்ணை.

ஏப்ரல் 4

அன்று சீன வணிக அமைச்சகமும் சுங்கத் தலைமையகமும் சேர்ந்து வெளியிட்ட 18ஆம் எண் அறிவிப்பு ஏழு தனிமங்களை ஏற்றுமதிக் கட்டுப்பாட்டில் கொண்டுவந்தது: சமாரியம், கடோலினியம், டெர்பியம், டிஸ்ப்ரோசியம், லுட்டீசியம், ஸ்காண்டியம், இட்ரியம். வெளியிட்ட நாளிலேயே நடைமுறைக்கும் வந்தது. "சீனா காந்தத்தை நிறுத்திவிட்டது" என்று இங்கே செய்திகள் ஓடின. அறிவிப்பில் இருந்தது தடை இல்லை, உரிமம். பட்டியலில் நியோடிமியமும் இல்லை, பிரசியோடிமியமும் இல்லை. டிஸ்ப்ரோசியமோ டெர்பியமோ கலந்த காந்தத்துக்குத்தான் உரிமம் வேண்டும். எஸ்ஹெச்சும் அதற்கு மேலே உள்ள கிரேடுகளும் பெரும்பாலும் அந்த வலையில் விழுந்தன. அக்டோபர் 9 அன்று மேலும் ஐந்து தனிமங்கள் சேர்க்கப்பட்டு, அமெரிக்காவுடனான பேச்சுக்குப் பிறகு அந்த இரண்டாம் சுற்று மட்டும் 2026 நவம்பர் 10 வரை நிறுத்திவைக்கப்பட்டது. ஏப்ரல் பட்டியலில் மாற்றமில்லை.

வேறு கடை பார்க்கலாமே என்றால், பன்னாட்டு எரிசக்தி முகமையின் கணக்கில் சின்டர் செய்த, அதாவது பொடியை அழுத்திச் சூட்டில் இறுகவைத்த, நிலைக்காந்தங்களில் 94 சதவீதம் சீனாவில் செய்யப்படுபவை. ஜப்பானியர்கள் 2010ல் சீனச் சரக்கு தடைபட்டபோது ஒருமுறை சுட்டுக்கொண்டவர்கள். அதன் பலனாக டெய்டோ ஸ்டீலும் ஹோண்டாவும் டிஸ்ப்ரோசியம், டெர்பியம் போன்ற கன அரிய மண்ணே கலக்காத காந்தத்தை 2016ல் ஒரு ஹைபிரிட் காரில் ஏற்றின. அப்படியிருந்தும் 2025ல் சுசுகி ஸ்விஃப்ட் உற்பத்தி ஜப்பானில் சில நாள் நின்றது. ஃபோர்டு சிகாகோவில் ஒரு வாரம் ஆலையை மூடியது.

அம்பத்தூரில் ஏப்ரல் முழுக்க யாரும் பதறவில்லை. அதற்கு முன்பே கப்பலேறிய பெட்டிகள் சென்னைத் துறைமுகத்துக்கு வந்துகொண்டிருந்தன. கையிருப்பு ஏழு வாரம். பர்ச்சேஸ் மேலாளருக்கு உறைத்தது சீனாவின் நிங்போ நகர விற்பனையாளர் அனுப்பிய ஒரு படிவத்தைப் பார்த்தபோதுதான்.

காகித வழி

அந்தப் படிவம் இறுதிப் பயனாளர் சான்று. காந்தம் எந்தப் பொருளில் போகிறது, யார் பயன்படுத்துகிறார், ராணுவப் பயன்பாடு இல்லை, மூன்றாம் நாட்டுக்கு மாற்றுவதில்லை என்பதை எழுத்தில் உறுதி செய்ய வேண்டும். இங்கே அரசுத் துறையின் ஒப்புதல், பிறகு தில்லியிலுள்ள சீனத் தூதரகத்தின் சான்று. அதன் பிறகு அங்கே விற்பனையாளர் தன் மாகாண வணிகத் துறை வழியாகப் பெய்ஜிங்குக்கு விண்ணப்பிப்பார். பரிசீலனைக்கு 45 வேலைநாள். நாட்காட்டியில் அது ஒன்பது வாரம். கடல் வழிக்கு இன்னும் இரண்டு மூன்று வாரம். ஏழு வாரக் கையிருப்போடு எல்லாம் சரியாக நடந்தாலும் லைன் ஒரு மாதம் நிற்கும்.

எல்லாம் சரியாக நடப்பதும் இல்லை. ஆலை நேரடியாக நிங்போவில் வாங்குவதில்லை. பாரிமுனை வணிகர் ஒருவர் வழியாக வாங்குகிறது. பில் அவர் பெயரில், சான்று ஆலை பெயரில், இறுதிப் பயனாளர் என்று எழுத வேண்டியதோ ஸ்கூட்டர் நிறுவனம். மூன்று பெயரும் ஒன்றோடொன்று எப்படித் தொடர்கின்றன என்பதற்கு ஒப்பந்த நகல் இல்லையென்றால் கோப்பு திரும்பும். ஆர்டர் துண்டுக் கணக்கில் இருக்கும், விண்ணப்பம் கிலோக் கணக்கில் கேட்கும். பெருக்கிப் பார்க்கும்போது பூச்சு எடையைச் சேர்த்தவரும் சேர்க்காதவரும் வேறு வேறு எண் எழுதுவார்கள். ஸ்கூட்டர் நிறுவனம் தன் மாதாந்திர உற்பத்தித் திட்டத்தை அயல்நாட்டு அரசுக்கு எழுதித் தரத் தயங்கும். அந்தத் தயக்கம் நியாயமானது, ஆனால் அது தீரும்வரை கோப்பு நகராது. 45 நாள் எண்ணத் தொடங்குவது கோப்பு முழுமையாக ஏற்கப்பட்ட நாளிலிருந்துதான்.

உரிமம் கிடைத்ததும் விமானத்தில் கொண்டுவரலாம் என்று கிளம்பினால் மீனம்பாக்கம் சரக்ககத்தில் இன்னொரு பாடம். காந்தமேற்றிய பொருள் யூஎன் 2807, ஆபத்துப் பொருள் ஒன்பதாம் வகுப்பு. பெட்டியிலிருந்து 4.6 மீட்டர் தொலைவில் புலம் 0.00525 காஸுக்கு மேல் போனால் ஏற்ற மாட்டார்கள். துண்டுகளை வடக்கு-தெற்கு மாற்றி அடுக்கி, சுற்றிலும் இரும்புத் தகடு வைத்தால் எண் இறங்கும். தகட்டின் எடைக்கும் கட்டணம் உண்டு. காந்தமேற்றாத துண்டாக வாங்கி இங்கே ஏற்றிக்கொள்வது சுலபம், அதற்கு மூன்று டெஸ்லா அளவு புலம் தரும் மேக்னடைசர் வேண்டும்.

கட்டுப்பாடு காந்தத்துக்குத்தானே, முழு மோட்டாராகவே இறக்கினால் என்ன என்ற யோசனையும் வந்தது. மின்வாகனங்களுக்கான மத்திய அரசின் பிஎம் இ-டிரைவ் மானியத்தின் படிநிலை உற்பத்தி விதிகள் மோட்டாரை உள்நாட்டில் பூட்டச் சொல்லியிருந்தன. தவிர, மோட்டார் செய்யும் ஆலை மோட்டாரை இறக்குமதி செய்தால் அதற்குப் பெயர் கிடங்கு.

காந்தம் உண்மையில் எவ்வளவு சூடாகிறது?

ஆலையின் பிரச்சினையைத் தீர்த்தது இந்தக் கேள்விதான். முதல் நாளிலேயே கேட்டிருக்க வேண்டும். எஸ்ஹெச் வேண்டும் என்று யார், எதை வைத்து முடிவு செய்தார்கள்? பழைய கோப்பைத் தேடினால் விடை கிடைக்கும்: கம்பிச் சுருள் 150 டிகிரிவரை போகலாம் என்பதால் காந்தத்துக்கும் 150 என்று போட்டுவிட்டார்கள். ஹப் மோட்டாரில் அது பொருந்தாது. சூடு பிறப்பது உள்ளே செம்புக் கம்பியில். காந்தமோ வெளி வளையத்தில், ஓட்டத்தில் காற்றுப் படும் இரும்போடு ஒட்டியிருக்கிறது. நடுவில் 0.8 மி.மீ. காற்றிடைவெளி. கம்பி 140 டிகிரியில் இருக்கும்போது காந்தம் நூறை ஒட்டியே நிற்கலாம்.

நிற்கலாம் என்பது போதாது, அளக்க வேண்டும். சுழலும் வளையத்தில் தெர்மோகப்பிள் கம்பி இழுக்க முடியாது. அதற்கு அவசியமும் இல்லை. காந்தமே தெர்மாமீட்டர்: சூடு ஏறினால் பாயம் குறையும், அது தூண்டும் வோல்டேஜும் குறையும். மூன்று ஃபேஸ் கனெக்டரையும் கழற்றிவிட்டுச் சக்கரத்தைச் சுழற்றினால் காந்தம் கம்பியில் தூண்டும் வோல்டேஜை, அதாவது பேக் இஎம்எஃப்பை, ஆஸிலோஸ்கோப்பில் பார்க்கலாம். வேகம் சரியாக அதேதான் இருக்க வேண்டும் என்பதில்லை. வோல்ட்டை ஹெர்ட்ஸால் வகுத்தால் போதும். 46 போல் என்பதால் 300 ஆர்பிஎம்மில் 115 ஹெர்ட்ஸ் வரும்.

மாதிரிக் கணக்கு: காலையில் 32 டிகிரியில், 115 ஹெர்ட்ஸில் 20.0 வோல்ட். இரண்டு பேர் ஏறி, முழு ஆக்சிலரேட்டரில் ஏற்றம் ஓட்டி, நிறுத்திய இரண்டு நிமிடத்துக்குள் அளந்தால் 18.6 வோல்ட். குறைவு 7 சதவீதம். அதை 0.11ஆல் வகுத்தால் 64. காந்தத்தின் வெப்பம் 32 + 64 = 96 டிகிரி. வளையத்தின் உட்புறம் காந்தத்துக்குப் பக்கத்தில் ஒட்டிய, குறிப்பிட்ட வெப்பத்தில் கறுக்கும் ஸ்டிக்கரும் இதோடு ஒத்துப்போகிறதா என்று பார்த்துக்கொள்ளலாம். விலை மலிவு, ஒருமுறை கறுத்தால் திரும்பாது.

எங்கே ஓட்டுவது என்பது முக்கியம். சென்னையில் கத்திப்பாரா போன்ற மேம்பாலங்களைத் தவிரச் சொல்லிக்கொள்ளும்படி ஏற்றம் கிடையாது. வண்டி சேலத்திலும் விற்கும், ஏற்காடு ஏறும். அதைவிடக் கவனிக்க வேண்டியது இறக்கம். டிரம் பிரேக் ஹப் மூடியிலேயே இருந்தால், மலையிறங்கும்போது பிரேக் சூடு நேராக வளையத்துக்குப் போகிறது. அப்போது மோட்டாரில் கரண்ட் இல்லை, எதிர்ப்புலம் இல்லை, காந்தம் தாங்கும். அடிவாரத்தில் சூடு ஆறுமுன் ஆக்சிலரேட்டரைத் திருகும்போதுதான் சூடும் எதிர்ப்புலமும் ஒன்றாகச் சேர்கின்றன. சோதனைச் சுற்றில் அந்த அரை நிமிடம் கட்டாயம் இருக்க வேண்டும். மாதிரி மோட்டாருக்கு அங்கே 108 டிகிரி என்று வைப்போம்.

இனி ஓர்ஸ்டெட் கணக்கு. 3 மி.மீ. காந்தம், 0.8 மி.மீ. இடைவெளி என்றால் காந்தம் தன்மீதே சுமத்திக்கொள்ளும் எதிர்ப்புலம் ஏறத்தாழ 2.9 கிலோ ஓர்ஸ்டெட். கன்ட்ரோலர் பழுதாகி மூன்று ஃபேஸும் ஷார்ட் ஆகும் மோசமான நொடிக்கு இன்னும் 2.5 என்று கூட்டினால் 5.4. எச் கிரேடின் 17, டிகிரிக்கு 0.6 சதவீதம் குறைந்தால் 100 டிகிரியில் 8.8, 120 டிகிரியில் 6.8. நம் 108 டிகிரி இவற்றுக்கு நடுவே; இரண்டும் 5.4க்கு மேலேயே. எம் கிரேடு 100 டிகிரியில் 7.3 நின்றாலும் 120ல் 5.6க்கு வந்துவிடும், அது கத்தி முனை. ஆகவே இந்த மோட்டாருக்கு எச் போதும், எம் ஆகாது. எச் தரத்தை, பொடியை மூன்று மைக்ரான் அளவுக்கு நுணுக்கி, ஆக்சிஜன் படாமல் பார்த்துக்கொண்டு, டிஸ்ப்ரோசியம் இல்லாமலே செய்ய முடியும். பட்டியலில் உள்ள ஏழில் எதுவும் இல்லாததால் அதற்கு உரிமம் தேவையில்லை.

'இல்லை' என்பதைச் சரிபார்ப்பது

"டிஸ்ப்ரோசியம் ஃப்ரீ" என்று விற்பனையாளர் எழுதிக் கொடுப்பதை நம்பி நாலரை லட்சம் துண்டு வாங்க முடியாது. பொய்யென்றால் சரக்கு அங்கே சுங்கத்திலேயே நின்றுவிடும். ஆலைகளில் கையில் இருக்கும், எக்ஸ் கதிரால் தனிமங்களைக் காட்டும் எக்ஸ்ஆர்எஃப் துப்பாக்கியை எடுத்து அடித்துப் பார்ப்பார்கள்; இங்கே அது ஏமாற்றும். டிஸ்ப்ரோசியம் தரும் எக்ஸ் கதிரின் எல்-ஆல்ஃபா கோடு 6.50 கிலோ எலக்ட்ரான் வோல்ட்டில் வருகிறது, இரும்பின் கே-ஆல்ஃபா 6.40ல். மூன்றில் இரண்டு பங்கு இரும்பாக இருக்கும் பொருளில் இரண்டு மூன்று சதவீத டிஸ்ப்ரோசியம் அந்த மலைக்குப் பின்னால் மறைந்துபோகும். மேலே நிக்கல் பூச்சு வேறு. பூச்சைச் சுரண்டி, அமிலத்தில் கரைத்து, ஐசிபி முறையில், அதாவது பிளாஸ்மாவில் தனிமங்களை அளக்கும் ஆய்வில், பார்ப்பதே நம்பகமானது. தொகுதிக்கு ஒரு துண்டு போதும். சந்தேகம் வந்தால் ஆலோசனைக்குத் தொலைவு போக வேண்டாம். ஆர்க்கி என்ற மத்திய அரசு ஆராய்ச்சி நிறுவனத்தின் வாகன எரிசக்திப் பொருள் மையம் தரமணியில், ஐஐடி ஆராய்ச்சிப் பூங்காவில்தான் இருக்கிறது.

ஒவ்வொரு தொகுதியிலிருந்தும் சில துண்டுகளை ஹெல்ம்ஹோல்ட்ஸ் சுருளும் ஃப்ளக்ஸ்மீட்டரும் வைத்துக் காந்த வலுவை அளந்து, ரோட்டரில் ஒட்டி, 120 டிகிரி அடுப்பில் இரண்டு மணி நேரம் வைத்து, ஆறவிட்டு, திரும்ப பேக் இஎம்எஃப் பார்ப்பது அடுத்த வடிகட்டி. 20.0 வோல்ட் 19.8ஆகத் திரும்பினால் ஏற்கலாம். 19.2 என்றால் காந்தம் நிரந்தரமாக இழந்துவிட்டது. அலைவடிவத்தையும் பார்க்க வேண்டும்: 46ல் ஒன்றிரண்டு துண்டு மட்டும் செத்திருந்தால் சராசரி வோல்ட் சொல்லாது, அலையில் பள்ளம் சொல்லும். ஓட்டும்போது அதுவே நடுக்கமாக வரும்.

கிரேடு மாறினால் கன்ட்ரோலரையும் தொட வேண்டும். உச்ச ஃபேஸ் கரண்ட்டையும் ஃபீல்டு வீக்கனிங் (அதிவேகத்துக்காகக் காந்தப் பாயத்துக்கு எதிராகத் தரும் கரண்ட்) அளவையும் பழைய எண்ணிலேயே விட்டுவிட்டு, காந்தத்தை மட்டும் மாற்றியவர்கள் கோடையில் வாரன்ட்டியில் கொடுத்துத் தீர்க்க நேரிடும். கரண்ட்டைக் குறைக்க மனமில்லையென்றால் காந்தத்தை 3.5 மி.மீ. ஆக்கலாம், எதிர்ப்புலம் இறங்கும், நியோடிமியச் செலவு 17 சதவீதம் ஏறும். இத்தகைய மாற்றத்துக்குப் பின் மோட்டார் திறன் ஏஐஎஸ் 041 என்ற வாகனத் தரநிலை விதிப்படி மறுபடி பார்க்கப்பட வேண்டியிருக்கும். அதற்கான சோதனை மையம் ஒரகடத்தில் உள்ள ஜிஏஆர்சி.

இந்த வழி எல்லோருக்கும் திறந்திருக்கவில்லை. காந்தம் உள்ளே புதைந்த, ரோட்டர் நடுவில் சுழலும் மிட்-டிரைவ் மோட்டாரில் சூடு வெளியேற வழி குறைவு. அங்கே யூஎச் கேட்பவர்கள் காரணத்தோடுதான் கேட்கிறார்கள். ஓரளவு உதவுவது, டெர்பியத்தையோ டிஸ்ப்ரோசியத்தையோ துகள் ஓரங்களில் மட்டும் ஊடுருவவிடும் முறை. அளவு பாதிக்கும் கீழே இறங்கும், உரிமம் மட்டும் போகாது. இரும்பு ஆக்சைடு காந்தமான ஃபெரைட்டுக்குப் போனால் உரிமமும் போகும். பாயம் 0.4 டெஸ்லா, நியோடிமியத்தின் மூன்றில் ஒரு பங்கு, மோட்டார் பருக்கும். ஓலா எலக்ட்ரிக்கின் ஃபெரைட் மோட்டார் 2025 அக்டோபரில் இதே ஜிஏஆர்சியில் சான்று பெற்றது. ஃபெரைட்டுக்குச் சூட்டில் நீக்குத்திறன் கூடும், குளிரில்தான் குறையும். சென்னைக்கு அந்தப் பயம் இல்லை.

மணவாளக்குறிச்சியிலிருந்து அம்பத்தூர்

கன்னியாகுமரி மாவட்டத்தின் மணவாளக்குறிச்சியில் பொதுத்துறை நிறுவனமான ஐஆர்இஎல் அரிய மண் கொண்ட மோனசைட் மணலைப் பிரிக்கிறது. நம் மாநிலத்திலேயே மண் இருக்கும்போது நிங்போ எதற்கு என்ற கேள்வி இயல்பானது. மோனசைட்டில் தோரியம் உண்டு, அணுக்கனிம விதிகளுக்குள் வருவதால் தனியார் விருப்பப்படி தொட முடியாது. கிள்ளியூர் வட்டாரத்தில் 1,144 ஹெக்டேரில் மணல் எடுக்கும் திட்டத்துக்கு மீனவ ஊர்கள் எதிர்ப்புத் தெரிவித்து வருகின்றன. கதிர்வீச்சு பற்றிய அவர்கள் அச்சத்துக்குப் பதில் சொல்லாமல் அங்கே எதுவும் நகராது. கரையிலிருந்து காந்தம்வரை படிகள் பல: ஒடிசாவின் சத்ரபூரில் குளோரைடு, ஆலுவாவில் ஆக்சைடுகளாகப் பிரிப்பு, பிறகு உலோகம், உலோகக்கலவை, பொடி, காந்தப்புலத்தில் அழுத்தம், 1,050 டிகிரிக்கு மேல் வெற்றிட உலை, அறுத்தல், பூச்சு. ஆக்சைடு வரை நம்மிடம் இருக்கிறது. அதற்குப் பின் பெரிய அளவில் இல்லை. விசாகப்பட்டினத்தில் 2023ல் தொடங்கிய ஆலை ஆண்டுக்கு 3,000 கிலோ செய்யக்கூடியது, அதுவும் சமாரியம்-கோபால்ட்.

மத்திய அமைச்சரவை 2025 நவம்பர் 26 அன்று 7,280 கோடி ரூபாய்த் திட்டத்துக்கு ஒப்புதல் தந்தது: ஆண்டுக்கு 6,000 டன் சின்டர் காந்தம், ஐந்து நிறுவனங்கள், ஆலை கட்ட இரண்டு ஆண்டு, பிறகு ஐந்து ஆண்டு விற்பனை சார்ந்த ஊக்கத்தொகை. நம் மாதிரி ஆலையின் தேவை ஆண்டுக்கு 60 டன், அதில் நூறில் ஒரு பங்கு. நியோடிமியத்துக்கு இது வழி. டிஸ்ப்ரோசியத்துக்கு இல்லை, ஏனென்றால் இந்திய மோனசைட் இலகு அரிய மண் வகை. பிரித்தெடுக்கும் அளவுக்குக் கன வகை அதில் கிடைப்பதில்லை. அது தென்சீனக் களிமண்ணிலும் மியான்மரின் கச்சின் பகுதியிலும் கிடைக்கிறது. சீனாவுக்கு வெளியே வணிக அளவில் டிஸ்ப்ரோசியம் ஆக்சைடைப் பிரிக்கத் தொடங்கியது லைனாஸ் நிறுவனம், மலேசியாவில், 2025 மே மாதம்தான். அதனால் இங்கே காந்த ஆலை வந்த பிறகும் வரைபடத்தில் எஸ்ஹெச் என்று இருந்தால், 15 கிராமுக்காக அதே வாசலில்தான் நிற்க வேண்டியிருக்கும்.

மாதிரி ஆலையின் திருத்திய வரைபடத்தில் கிரேடு என்ற கட்டம் நீக்கப்பட்டது. அந்த இடத்தில் இருப்பவை: 20 டிகிரியில் தேக்கம், அதாவது காந்தத்தில் தங்கி நிற்கும் பாயம், 1.28 டெஸ்லாவுக்குக் குறையாமல். நீக்குத்திறன் 20 டிகிரியில் 17, 120 டிகிரியில் 6.8 கிலோ ஓர்ஸ்டெட்டுக்குக் குறையாமல். டிஸ்ப்ரோசியம், டெர்பியம் ஒவ்வொன்றும் 0.05 சதவீதத்துக்குக் கீழ், தொகுதிக்கு ஒரு ஐசிபி அறிக்கை. துண்டின் எடை கிராமில், பூச்சுடனும் பூச்சில்லாமலும் தனித்தனியாக. கையிருப்பு ஏழு வாரத்திலிருந்து பதினான்கு வாரம் ஆனது. கடல் காற்றில் பூச்சு முனை உடைந்த துண்டு துருப்பிடித்துப் பொடியாகும் என்பதால், உறை பிரித்த பெட்டியை ஒரு வாரத்துக்குள் ஒட்டி முடிக்க வேண்டும் என்று கிடங்குக் கதவில் எழுதி ஒட்டியிருக்கிறது.